சத்து கூடிப்போன லோடு

அறுவடைக் காலத்தில் மால்ட் ஆலை வாசலுக்கு வந்து பார்த்தால், அங்கே இருப்பவர்களிலேயே அதிகம் அலுத்துப்போனவர் யார் என்று கேட்கவே வேண்டாம். குத்தூசிதான். அது அவருடைய பெயரில்லை. பெற்றவர்கள் ஆசையாக வைத்த பெயர் சம்பளச் சீட்டில் பத்திரமாக இருக்கிறது, ஆனால் யார் வாயிலும் அது வந்ததில்லை. லாரியில் குவிந்திருக்கும் தானியத்துக்குள் ஆழமாகக் குத்தி, அடியிலிருந்தும் நடுவிலிருந்தும் கொஞ்சம் கொஞ்சம் எடுத்து வருகிற நீளமான பித்தளைக் குழாய்க்குத்தான் குத்தூசி என்று பெயர். அதைத் தோளில் சாத்திக்கொண்டு லாரி லாரியாக ஏறி இறங்குகிறவரை டிரைவர்கள் வேறெப்படித்தான் கூப்பிடுவார்கள்?

பார்லிக்குக் கொஞ்சமும் இரக்கம் கிடையாது. எல்லா வயலும் கூடிப் பேசி முடிவெடுத்த மாதிரி ஒரே சமயத்தில் முற்றித் தொலைக்கும். முற்றியதும் எல்லோருக்கும் அவசரம். எடைமேடையிலிருந்து மெயின் ரோடு வரை லாரிகள் நிற்கும். ஆலையில் இரண்டு ஷிஃப்ட் சேர்த்துப் பார்க்கச் சொல்வார்கள், முடியாது என்று சொல்ல குத்தூசிக்கு நாக்கு வராது. சட்டைக் காலருக்குள் பார்லிச் சுணை புகுந்து அரிக்கும். கண் சிவந்திருக்கும். முழங்கால் ஒவ்வொரு லாரிக்கும் ஒரு தடவை முணுமுணுக்கும். வீட்டுக்குப் போய்க் குளிக்கிறபோது சுவரில் சாய்ந்து நின்றபடியே தூங்கிவிடுவார், தண்ணீர் பாட்டுக்குக் கொட்டிக்கொண்டிருக்கும்.

அவர் எடுத்துக்கொண்டு வரும் தானியத்தைச் சோதனை அறையில் ஒரு கிண்ணத்தில் கொட்டி ஒரு பெட்டிக்குள் தள்ளுவார்கள். பெட்டி அதன்மேல் ஒளியைப் பாய்ச்சி, அந்தப் பார்லியில் நூற்றுக்கு எத்தனை பங்கு புரோட்டீன் என்று சொல்லும். சொன்ன எண் வாசலில் உள்ள போர்டில் சிவப்பாக எரியும். பன்னிரண்டுக்குள் இருந்தால் லாரி உள்ளே போகலாம். பன்னிரண்டைத் தாண்டினால் வந்த வழியே திரும்ப வேண்டியதுதான். இன்றைக்கு உலகமே புரோட்டீன் புரோட்டீன் என்று அலைகிறது. பிஸ்கட்டில் புரோட்டீன், ரொட்டியில் புரோட்டீன், தலைக்குப் போடுகிற ஷாம்பூவில்கூடப் புரோட்டீன். இந்த ஒரு வாசலில் மட்டும் அது கொஞ்சம் கூடிவிட்டால் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளிவிடுவார்கள். காரணம் இருக்கிறது. பார்லியை ஊறவைத்து, முளைக்கவிட்டு, உலர்த்தினால் அது மால்ட். அதிலிருந்து பீர் வருகிறது, பிள்ளைகளுக்குப் பாலில் கலக்கிற மாவு வருகிறது. இரண்டுக்கும் வேண்டியது மாவுச்சத்து. புரோட்டீன் ஏறினால் மாவுச்சத்து இறங்கும், தானியம் சரியாகத் தண்ணீர் குடிக்காது, ஒன்று முளைத்தால் இன்னொன்று தூங்கும், பீர் கலங்கும். இதெல்லாம் குத்தூசிக்குத் தண்ணீர் பட்ட பாடு.

அவருக்கு ஒரே ஒரு அக்கா. அக்காவின் கணவரை அவர் மாமா என்று கூப்பிடுவார். கல்யாணமான நாளிலிருந்து மாமா தொலைதூர லாரி ஓட்டியவர். மாதத்தில் சில நாள் வீட்டுக்கு விருந்தாளி மாதிரி வருவார், துணியைத் துவைக்கப் போடுவார், பிள்ளைகள் முகத்தைப் பார்த்துப் பழகுவதற்குள் கிளம்பிவிடுவார். இடுப்பு வலி தாங்காமல் போன வருஷம்தான் ஸ்டியரிங்கை விட்டுவிட்டு ஒரு நிலத்தைக் குத்தகைக்கு எடுத்தார். பார்லி போட்டார். முதல் விளைச்சல் மால்ட் ஆலையில் இறங்கினால் குத்தகை தொடரும். இறங்காவிட்டால் மறுபடியும் லாரிதான், டிரான்ஸ்போர்ட் முதலாளி இடத்தைக் காலியாகவே வைத்திருக்கிறார். இந்த ஒரு போகம் கைகொடுத்தால் போதும், அவர் வீட்டிலேயே இருப்பார் என்று அக்கா தம்பியிடம் சொல்லியிருந்தாள். சொல்லும்போது அவள் குரலில் இருந்த ஆசையைக் கேட்டு குத்தூசிக்கே வெட்கமாக இருந்தது. பல வருஷம் குடும்பம் நடத்திய பிறகு ஒருத்தி தன் புருஷன் வீட்டில் இருக்க வேண்டும் என்று புதுப்பெண்ணைப் போல ஆசைப்படுவாள் என்று அவர் நினைத்ததில்லை.

மாமா யாரிடமும் எதுவும் கேட்கிற ரகமில்லை. வழி தெரியாத ஊரில் வண்டி ஓட்டும்போதுகூட வழி கேட்கமாட்டார், சுற்றிச் சுற்றி வந்து கண்டுபிடிப்பார். அப்படிப்பட்டவர் விதைத்த புதிதில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மச்சினனிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். உங்க ஆலையில பார்லியில என்னதான்ப்பா பார்ப்பாங்க என்று. குத்தூசி அப்போது, ஆலையில் ஆள் போதாததால் அன்றைக்கும் இரண்டு ஷிஃப்ட் முடித்துவிட்டு நேராக அங்கே வந்து, அக்கா போட்ட சாப்பாட்டைச் சாப்பிட்டுவிட்டு, நாற்காலியில் கால் நீட்டிச் சாய்ந்திருந்தார்.

"புரோட்டீன்தான் மாமா. அதை வச்சுத்தான் எல்லாம்" என்றார்.

அதற்குமேல் ஒரு வாக்கியம் பாக்கி இருந்தது. அது நாக்கின் நுனி வரை வந்திருக்க வேண்டும். அதற்குள் தூக்கம் வந்துவிட்டது. எழுந்தபோது பொழுது சாய்ந்திருந்தது, அடுத்த ஷிஃப்டுக்கு நேரமாகியிருந்தது, செருப்பை மாட்டிக்கொண்டு ஓடினார். அதன்பிறகு அந்தப் பேச்சு அவர் நினைவில் ஒரு தடவைகூட வரவில்லை.

அறுவடை முடிந்து, மாமாவின் லாரி ஒரு நாள் காலையில் வரிசையில் நின்றிருந்ததைக் குத்தூசி தூரத்திலிருந்தே பார்த்தார். வாடகை லாரிதான், ஆனால் ஸ்டியரிங்கில் மாமாவே உட்கார்ந்திருந்தார். அக்கா கூடவே வந்திருந்தாள். லோடு ஏற்றுவதற்கு ஆள் போதாமல் அவளும் கூடை தூக்கியிருக்கிறாள், உட்கார்ந்த இடத்தில் அப்படியே கதவில் தலை சாய்த்துத் தூங்கிவிட்டிருந்தாள். வாய் லேசாகத் திறந்திருந்தது, முடியிலெல்லாம் உமி. மாமா உதட்டில் விரல் வைத்து, எழுப்பாதே என்று சைகை காட்டினார். குத்தூசி சத்தம் போடாமல் பின்பக்கமாக ஏறினார்.

பார்லி பார்க்க அருமையாக இருந்தது. ஈரமில்லை, கல் மண் இல்லை, வைக்கோல் துணுக்கு இல்லை. குழாயைக் குத்தி எடுத்து உள்ளங்கையில் கொட்டிப் பார்த்தபோது அவருக்கு மனசு நிறைந்தது. மாமா கெட்டிக்காரர்தான் என்று நினைத்துக்கொண்டார். கொண்டுபோய்ச் சோதனை அறையில் கொடுத்துவிட்டு அடுத்த லாரிக்கு நகர்ந்தார்.

கொஞ்ச நேரத்தில் மாமா ஓட்டமும் நடையுமாக வந்தார். இடுப்பு வலிக்காரர் ஓடி குத்தூசி பார்த்ததே இல்லை.

"மாப்ளே, போர்டைப் பாத்தியா? பதினாலு. எனக்கு முன்னாடி போன வண்டிக்கு வெறும் பத்தரைதான்."

குத்தூசி திரும்பிப் பார்த்தார். போர்டில் பதினாலுதான் எரிந்துகொண்டிருந்தது. மாமாவுக்கு வாயெல்லாம் பல். பத்தரை வாங்கிய வண்டியின் டிரைவரை மாமா முதுகில் தட்டி, அடுத்த தடவை பார்த்துக்கலாம்ப்பா, மனசு விடாதே என்று ஆறுதல் வேறு சொல்லிவிட்டு வந்திருக்கிறார். அந்த டிரைவர் ஒன்றும் புரியாமல் தலையை ஆட்டிவிட்டு உள்ளே போய்விட்டானாம். இதையும் மாமாவே சிரித்துக்கொண்டு சொன்னார்.

பிறகு, கேட்காமலே, எப்படி வந்தது இந்தப் பதினாலு என்கிற கதையையும் சொன்னார். கதிர் வெளியே எட்டிப் பார்க்கிற நேரத்தில் இன்னொரு தடவை யூரியா போட்டிருக்கிறார். கடைசியில் போடுகிற யூரியா பயிரை வளர்க்காது, மணியில் புரோட்டீனாகத்தான் போய் உட்காரும் என்று எங்கேயோ விசாரித்துத் தெரிந்துகொண்டாராம். அது சரியான தகவல்தான், அதுதான் கொடுமை. விதைக்கடைக்காரர், மால்ட்டுக்கென்றால் அப்படிப் போடாதீங்க என்று தடுத்திருக்கிறார். என் மச்சினன் அந்த ஆலையிலேயே இருக்கான், உனக்கு என்னய்யா தெரியும் என்று அவரை ஒரு வாங்கு வாங்கிவிட்டு மூட்டையைத் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறார். ஆலைக்குள்ளேயே சொந்தக்காரன் இருக்கும்போது வெளியில் எவனிடம் போய்க் கேட்பது? குடும்பத்துக்கே அது கௌரவக் குறைச்சல் அல்லவா?

குத்தூசி போர்டை இன்னொரு தடவை பார்த்தார். அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அந்த நாற்காலி, தான் சொன்னது, சொல்லாமல் விட்டது எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக வந்து நின்றன. இங்கேயே இருங்க மாமா என்று மட்டும் சொல்லிவிட்டுச் சோதனை அறைக்குப் போனார்.

சோதனை அறையில் லேப் மேடம் செருப்பைக் கழற்றிவிட்டு, வீங்கிய பாதங்களை ஒரு காலி டப்பாவின்மேல் தூக்கி வைத்திருந்தார். பதினாலு யாருடையது என்று கேட்டார். அக்கா வீட்டுக்காரர் என்றார் குத்தூசி. மேடம் அவரை நிமிர்ந்து பார்த்தார். அவருடைய கண்ணும் சிவந்துதான் இருந்தது. ஆட்சேபம் சொன்னால் இரண்டாவது சாம்பிள் எடுக்க விதியிருக்கிறது, எடுத்து வாருங்கள் என்றார். செருப்பைக் காலால் துழாவி மாட்டிக்கொண்டே, "நீங்க வர்ற நேரத்துக்கு நான் டீ குடிக்கப் போயிருப்பேன். நீங்களே வச்சுப் பாத்துடுங்க" என்றார்.

இதைவிடத் தெளிவாக ஒருவர் சொல்ல முடியாது. அலமாரியில் காலையிலிருந்து தேறிய சாம்பிள்கள் உறை உறையாக அடுக்கியிருந்தன. பத்தரை இருந்தது, பதினொன்று இருந்தது. எதையாவது ஒன்றைக் கிண்ணத்தில் கொட்டினால் போர்டில் வேறு எண் எரியும், லாரி உள்ளே போய்விடும், அக்காவின் புருஷன் வீட்டில் இருப்பார்.

குத்தூசி மறுபடி லாரியில் ஏறி, இன்னும் ஆழமாக, நாலு மூலையிலும் குத்தி எடுத்தார். அக்கா அசையவில்லை. அறைக்குத் திரும்பி, ஒரு கையில் மாமாவின் பார்லியையும் இன்னொரு கையில் பத்தரை உறையையும் வைத்துக்கொண்டு நின்றார். இந்த லோடு ஊறல் தொட்டிக்குப் போனால் பாதி முளைக்கும், பாதி முளைக்காது. தொட்டியையே காலி பண்ண வேண்டிவரும். எந்த லாரி என்று தோண்டுவார்கள். தோண்டினால் குத்தூசியில் வந்து நிற்கும். அவருக்கு முன்னால் இந்தக் குழாயைச் சுமந்தவர் இப்படித்தான் வேலை போய் வீட்டுக்குப் போனார். நேர்மை என்று இதற்குப் பெரிய பெயர் வைக்க வேண்டாம். பாதி பயம், மீதி அலுப்பு. ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு அதைக் காவல் காக்கிற தெம்பு அந்த உடம்பில் இல்லை. உறையை அலமாரியில் வைத்துவிட்டு மாமாவின் பார்லியைக் கிண்ணத்தில் கொட்டினார். பதினாலுக்குக் கொஞ்சம் கீழே காட்டியது. அவ்வளவுதான்.

வெளியே மாமா எடைமேடைக்குப் பக்கத்து நிழலில் நின்றுகொண்டிருந்தார்.

"மாமா, பன்னிரண்டுக்குள்ள இருந்தாத்தான் எடுப்பாங்க" என்றார் குத்தூசி.

மாமா முதலில் சிரித்தார். விளையாடாதே மாப்ளே என்றார். குத்தூசியின் முகத்தைப் பார்த்தபிறகு சிரிப்பு தானாக நின்றது. பன்னிரண்டுக்குக் கீழேயா என்று கேட்டார். ஆமாம் என்றதும், கீழேயா என்று இன்னொரு தடவை கேட்டார். குத்தூசி மாவுச்சத்தைப் பற்றியும் முளைப்பைப் பற்றியும் சொன்னார். நாளெல்லாம் திட்டு வாங்கிக்கொண்டே டிரைவர்களுக்குச் சொல்கிற அதே வார்த்தைகள். மாமா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். நீதானேடா சொன்னே என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் குத்தூசிக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவர் கேட்கவில்லை. போர்டையே பார்த்துக்கொண்டு நின்றார். அதில் இப்போது வேறு யாருடைய எண்ணோ எரிந்தது.

"அன்னைக்கு நான் பாதிதான் சொன்னேன் மாமா. கம்மியா இருக்கணும்னு சொல்லல. அதுக்குள்ள தூங்கிட்டேன்."

மாமா தலையசைத்தார். கோபம் வந்த மாதிரி தெரியவில்லை. கோபப்படுவதற்கும் ஒரு தெம்பு வேண்டுமே, அதையும் சேர்த்துத்தான் அவர் கூடை கூடையாக லாரியில் ஏற்றிவிட்டிருந்தார். அப்போ இதை என்னதான் செய்யறது என்று கேட்டார்.

மாட்டுத்தீவன ஆலையில் கேள்வி கேட்காமல் எடுத்துக்கொள்வார்கள் என்றார் குத்தூசி. கறவை மாட்டுக்கு இது நல்ல தீனி. ஆனால் அவர்கள் கொடுக்கிற விலை லாரி வாடகைக்கும் உரத்துக்கும்தான் சரியாக இருக்கும், குத்தகைக்கு மிஞ்சாது. மனிதர்களுக்கும் நல்லதுதான். உமி நீக்கிக் கஞ்சி வைக்கலாம், அரைத்து ரொட்டி மாவில் கலக்கலாம், சூப்பில் போடலாம். இதில் இருக்கிற நார்ச்சத்து சர்க்கரையைச் சட்டென்று ஏற விடாது, கொழுப்பையும் குறைக்கும். டாக்டர்களே எழுதிக் கொடுக்கிறார்கள். ஆனால் கடையில் கால்படி அரைப்படி வாங்குவார்களே தவிர, லாரியோடு யார் வாங்குவார்கள்?

"உண்மையைச் சொல்லணும்னா, இந்த சீசன்ல இங்க வந்ததிலேயே சாப்பிட நல்ல பார்லி இதுதான் மாமா."

"அப்புறம் ஏன் வேண்டாங்கறாங்க?"

"இங்க யாரும் இதைச் சாப்பிடறதில்லையே."

மாமா கையை உதறிச் சுணையைத் தட்டினார். தீவன ஆலைக்கு எந்த வழி என்று கேட்டார். வழி கேட்காத மனிதர் கேட்டார். குத்தூசி சொன்னார். அங்கே இறக்கிவிட்டு, அப்படியே டிரான்ஸ்போர்ட் முதலாளியையும் பார்த்துவிட்டுப் போய்விடுகிறேன், ஒரே அலைச்சலாகப் போகும் என்றார் மாமா. வண்டியைக் கழுவ விடப்போகிறவர் மாதிரி சாதாரணமாகத்தான் சொன்னார். குத்தூசியால் அதற்குமேல் தாங்க முடியவில்லை. அக்காவை எழுப்புங்கள், என்னால்தான் இப்படி ஆயிற்று என்று நானே சொல்லிவிடுகிறேன் என்று லாரிப் பக்கம் நடந்தார். மாமா அவர் முழங்கையைப் பிடித்து நிறுத்தினார்.

"அதெல்லாம் ஒண்ணும் சொல்ல வேண்டாம்."

"என்னைக் காப்பாத்தறதுக்காக நீங்க பழி சுமக்க வேண்டாம் மாமா."

"உன்னை யாரு காப்பாத்தறா?" என்றார் மாமா. சுற்றிலும் லாரிகள் உறுமிக்கொண்டிருந்தன, இருந்தாலும் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "நீ கண்ணை மூடினதும் எனக்கு ஒரு சந்தேகம் வந்துச்சு. எவ்வளவு இருக்கணும்னு கேக்கலாம்னு உன் தோளைத் தட்ட வந்தேன். உங்க அக்காதான் என் கையைப் பிடிச்சுக்கிட்டா. ரெண்டு ஷிஃப்ட் பாத்துட்டு வந்திருக்கான் பாவம், தூங்கட்டும், எழுந்ததும் கேட்டுக்கலாம்னா. எழுந்ததும் நீ ஓடிட்டே. சத்துதானே, கூட இருந்தா என்ன கெட்டுப்போச்சுன்னு நானும் விட்டுட்டேன்."

குத்தூசி கதவில் சாய்ந்து தூங்கும் அக்காவைத் திரும்பிப் பார்த்தார்.

"நீ போய்ச் சொன்னா, உன்னை ஒரு வார்த்தை திட்ட மாட்டா. அன்னைக்கு என் கையைப் பிடிச்சது ஞாபகம் வரும். அப்புறம் நான் ஒவ்வொரு தடவை வண்டி எடுக்கறப்பவும் அதையே நெனச்சுக்கிட்டு உக்காந்திருப்பா. வேண்டாம். நான் முட்டாள்தனமா உரத்தை அள்ளிக் கொட்டிட்டேன்னே இருக்கட்டும்."

சொல்லிவிட்டு மாமா ஒரு கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு லாரியில் ஏறினார். இஞ்சின் சத்தத்தில் அக்கா திடுக்கிட்டு விழித்தாள். எங்கே இருக்கிறோம் என்று ஒரு கணம் புரியாமல் பார்த்தாள், முடியை ஒதுக்கிக்கொண்டாள், இறக்கியாச்சா என்று கேட்டாள். வேற இடத்துல இறக்கச் சொல்லியிருக்காங்க என்றார் மாமா. அவள் கண்ணாடியை இறக்கிவிட்டுத் தம்பியின் முகத்தைப் பார்த்தாள்.

"கண்ணு ரெண்டும் எப்படிச் செவந்து கெடக்கு பாரு. இன்னைக்காவது வீட்டுக்குப் போய் நல்லாத் தூங்குடா" என்றாள்.

"சரிக்கா" என்றார் குத்தூசி.